என் தந்தை அன்று காலை குடித்திருக்கவில்லை

அனுப்புநர்
யஸ்னா வென்தேயோ ரெமோல்கோய்,
த/பெ. (மறைந்த) எடெல்பெர்த்தோ வென்தேயோ,
ஆவணப்பட இயக்குநர்,
படகுத்துறைச் சாலை, கில்மாவே,
சிலோயே தீவு, சிலி.

பெறுநர்
தலைவர் அவர்கள்,
கடல் வேலை விபத்துகள் மேல்முறையீட்டுக் குழு,
தெற்கு மாகாணம்.

பொருள்: சால்மன் மீன் பண்ணை மூழ்காளர் எடெல்பெர்த்தோ வென்தேயோ 19.08.2022 அன்று பணியின்போது இறந்தது – அவர் மது அருந்தியிருந்தார் என விசாரணை அறிக்கையில் உள்ள வரி – அதற்குச் சான்றாகக் காட்டப்பட்ட என் படத்தின் காட்சி வேறொரு நாளில் எடுக்கப்பட்டது – வரியை நீக்கக் கோருதல் தொடர்பாக.

பார்வை: 12.09.2023 தேதியிட்ட விசாரணை அறிக்கை, பக்கம் 7, பத்தி 3.

மதிப்பிற்குரிய ஐயா,

1. பார்வையில் கண்ட அறிக்கையின் ஏழாம் பக்கத்தில், "இறந்தவர் பணிக்குப் புறப்படும் முன் வீட்டில் ஆப்பிள் சிச்சா அருந்தியதை அவருடைய மகளே படம் பிடித்துள்ளார், எனவே மதுவின் பாதிப்பில் நீரில் இறங்கியது அவரது சொந்தக் கவனக்குறைவே" என்று எழுதப்பட்டுள்ளது. அந்த மகள் நான். அந்தக் காட்சியை எடுத்ததும் நான்தான். அது அன்றைய காலையில் எடுத்தது இல்லை. அன்றைய காலையைப் போலத் தோன்றும்படி அதை அந்த இடத்தில் ஒட்டியவளும் நான்தான். என் தவறை முதலில் ஒப்புக்கொண்டுவிட்டு, பிறகு என் கோரிக்கையைத் தங்கள் முன் வைப்பதுதான் முறை என்று நினைக்கிறேன்.

2. என் தந்தை இருபத்திரண்டு ஆண்டுகள் மூழ்காளராக இருந்தார். முதலில் சிப்பி எடுத்தார். கடைசி ஒன்பது ஆண்டுகள் எங்கள் விரிகுடாவில் உள்ள சால்மன் பண்ணையில் வேலை பார்த்தார். மீன் கூண்டுகளின் அடிவலையில் சேரும் செத்த மீன்களை அள்ளி மேலே அனுப்புவது அவர் வேலை. படகில் காற்று இயந்திரம் ஓடும். அதிலிருந்து ஒரு நீண்ட மஞ்சள் குழாய் அவர் வாய் வரைக்கும் போகும். மேலே குழாயைப் பிடித்துக்கொண்டு ஒருவர் நிற்பார். என் தந்தைக்கு அப்படி நின்றவர் எங்கள் பக்கத்துத் தெரு நிபால்தோ. என் தந்தையின் உரிமம் இருபது மீட்டர் ஆழம் வரைக்கும்தான்.

3. 19.08.2022 அன்று காலை பத்து மணிக்குச் சற்று முன் குழாய் மட்டும் மேலே வந்தது. அவர் வரவில்லை. ஒன்பது நாட்களுக்குப் பிறகு, விரிகுடாவின் வாயில் ஒரு மீன்பிடிப் படகுக்காரர் அவரைக் கண்டெடுத்தார். அத்தனை நாள் கழித்து இரத்தப் பரிசோதனை செய்ய இயலாது என்று மருத்துவர் எழுதிக் கொடுத்தார். ஆகவே அவர் குடித்திருந்தாரா இல்லையா என்பதற்கு இரண்டே சான்றுகள் விசாரணை அதிகாரியிடம் இருந்தன. ஒன்று, அவரிடம் சிச்சா வாசனை வந்ததாக மேற்பார்வையாளர் திரு. ஓயார்சுன் கையெழுத்திட்ட வாக்குமூலம். மற்றொன்று என் படம்.

4. என் குடும்பத்தில் முதன்முதலாகப் பல்கலைக்கழகம் போனவள் நான். என் தந்தை நான்காம் வகுப்பு. நான் படம் எடுக்கும் படிப்பைத் தேர்ந்தெடுத்துவிட்டேன் என்று தெரிந்தபோது, எதிர்வீட்டுப் பெரியவர் பவுதிலியோ லெப்பியோ, "கல்யாண வீடியோவுக்கு இவ்ளோ தூரம் போய் அஞ்சு வருஷம் படிக்கணுமா?" என்று எல்லோர் முன்னிலையிலும் கேட்டார். கூட்டத்தில் எனக்குப் பேச்சு வராது என்பது ஊருக்கே தெரியும். என் தந்தைதான், "உன் கல்யாணத்தை எடுக்க மாட்டா. பயப்படாதே" என்றார். அன்று வீட்டுக்கு வந்த பிறகு என்னிடம் சொன்னார்: "எங்க வேலையை எடு பாப்பா. கீழ என்ன நடக்குதுன்னு மேல இருக்கிறவங்க யாருக்கும் தெரியாது."

அதைத்தான் எடுத்தேன். யாரிடமும் சம்பளம் வாங்காமல், பழைய கேமரா ஒன்றை வைத்துக்கொண்டு, விடுமுறைக்கு வரும்போதெல்லாம் என் தந்தையையும் எங்கள் சமையலறையையும் படகுத்துறையையும் எடுத்தேன். பண்ணைக்குள் நுழைய எனக்கு அனுமதி கிடைக்கவில்லை. ஆகவே கரையில் இருந்து பார்க்கக்கூடியது மட்டுமே என்னிடம் இருந்தது.

5. அறிக்கையில் சொல்லப்பட்ட சமையலறைக் காட்சியை எடுத்த நாள் 09.04.2022, சனிக்கிழமை. அன்று எங்கள் வீட்டில் ஆப்பிள் இடித்தோம். எங்கள் ஊரில் ஒரு வீட்டு ஆப்பிளை அந்த வீட்டார் தனியாக இடிப்பதில்லை. தெருவே வரும். மரத் தொட்டியில் கொட்டி நீளக் கழிகளால் இடித்து, சாற்றைப் பிழிந்து பீப்பாயில் ஊற்றி, புளிக்க விடுவார்கள். வேலைக்கு வந்தவர்களுக்குப் போன ஆண்டு சிச்சாவை ஊற்றிக் கொடுப்பது வழக்கம். அன்று என் தந்தைக்கு விடுமுறை. காட்சியில் அவருக்கு ஊற்றுபவர் பவுதிலியோ. எடுத்த மூலப்பதிவில் அவர்கள் பேசுவது இது:

"குடி, குடி. உன் வீட்டுச் சரக்கு, என் கையால ஊத்தினா இனிக்கும்."

"போதும் பவுதிலியோ. நிறுத்து. ஞாயித்துக்கிழமை தாண்டினா நான் தொட மாட்டேன்னு உனக்குத் தெரியாதா?"

"இன்னைக்குச் சனிக்கிழமைடா. நாளைக்கும் சேத்துக் குடி!"

"பாப்பா, இந்தாளு பேசுறதை எடுக்காதே. படம் பாக்கறவங்களுக்கு வாடை அடிக்கும்."

இதில் கடைசி வரியின்போது என் தந்தை கேமராவைப் பார்த்துக் கோப்பையை உயர்த்திச் சிரிக்கிறார். பேச்சை எல்லாம் நீக்கிவிட்டு, அந்தச் சிரிப்பை மட்டும் ஒன்பது வினாடிகள் என் படத்தில் வைத்தேன்.

6. அவர் இறந்த பிறகு நான்கு மாதம் அந்தப் பதிவுகளைத் திறக்கவில்லை. பிறகு திறந்து, பதினெட்டு நிமிடப் படமாகத் தொகுத்தேன். படத்தின் பெயர் 'குழாயின் மறுமுனை'. அதன் முடிவில் நான் வைத்த வரிசை இது: என் தந்தை சமையலறையில் கோப்பையை உயர்த்திச் சிரிக்கிறார். அடுத்து வாசலில் அவருடைய ரப்பர் காலணிகள். அடுத்து படகுத்துறையில் இருந்து படகு கிளம்புகிறது, தூரத்தில் அவர் ஒரு கையைத் தூக்குகிறார். அடுத்து கறுப்புத் திரையில், அன்று அவர் மேலே வரவில்லை என்ற எழுத்து.

சிரிப்பு ஏப்ரல் மாதத்தது. காலணிகள் ஜூலை மாதத்தவை. படகு மட்டுமே ஆகஸ்ட் 19. ஆவணப்படம் எடுப்பவர்கள் வெவ்வேறு நாட்களில் எடுத்ததை இப்படி ஒரே காலைபோல அடுக்குவது எங்கள் தொழிலில் அன்றாடம் நடப்பது. எனக்கும் அப்படித்தான் கற்றுக் கொடுத்தார்கள். யாரையும் ஏமாற்ற நினைத்து அதைச் செய்யவில்லை. என் தந்தை சிரித்துவிட்டுப் போனதாக இருக்கட்டும் என்று ஆசைப்பட்டேன். அன்று காலை உண்மையில் நடந்ததைப் படத்தில் வைக்க எனக்குத் தைரியம் இல்லை. அதைப் பத்தி 11இல் எழுதியிருக்கிறேன்.

7. 18.02.2023 அன்று எங்கள் ஊர் மண்டபத்தில் படம் காட்டப்பட்டது. பலர் அழுதார்கள். பிறகு அதை எல்லோரும் பார்க்கும்படி இணையத்தில் ஏற்றினேன். ஜூலையில் நடந்த விசாரணையில் நிறுவனத்தின் வழக்கறிஞர் அதே படத்தைச் சுவரில் ஓட்டினார். கோப்பைக் காட்சியில் நிறுத்தினார். "இந்தப் படம் உங்களுடையதா?" என்று கேட்டார். "ஆம்" என்றேன். "இதில் இருப்பவர் உங்கள் தந்தையா?" "ஆம்." "அவர் கையில் இருப்பது சிச்சாவா?" "ஆம்." அவ்வளவுதான் கேட்டார். அது எந்த நாள் என்று கேட்கவில்லை. கேட்காததற்கு எழுந்து பதில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அறையில் பதினான்கு பேர் இருந்தார்கள். நான் உட்கார்ந்துவிட்டேன். என் மூன்று "ஆம்"களும் அறிக்கையில் அப்படியே உள்ளன. அவற்றில் ஒன்றும் பொய் இல்லை.

8. அந்தக் காட்சி ஆகஸ்ட் 19 ஆக இருக்க முடியாது என்பதற்கு என் சொல்லைத் தாங்கள் நம்பத் தேவையில்லை. அதில் ஊற்றிக் கொடுக்கும் பவுதிலியோ லெப்பியோ 02.06.2022 அன்று நிமோனியாவால் காலமானார். அவருடைய இறப்புச் சான்றிதழை இணைத்துள்ளேன். என் படத்தில் அவர் முகம் தெரிவதில்லை. ஊற்றும் கையும் முழங்கை வரை கிழிந்த நீலக் கம்பளிச் சட்டையும் மட்டுமே தெரியும். மூலப்பதிவில் அவர் முகம் முழுவதும் இருக்கிறது. என் தந்தை இறப்பதற்குப் பதினொரு வாரம் முன்பே அடக்கம் செய்யப்பட்டவர், அன்று காலை அவருக்குச் சிச்சா ஊற்றியிருக்க இயலாது. மேலும், அந்தக் காட்சியில் என் தந்தைக்குத் தாடி இருக்கிறது. மே மாதத்தில், மூழ்கும்போது அணியும் முகக்கவசம் சரியாகப் பொருந்த வேண்டும் என்று பண்ணை எல்லா மூழ்காளர்களையும் மழிக்கச் சொன்னது. படகு கிளம்பும் பதிவில் அவர் முகம் மழித்திருக்கிறது.

9. இவ்வளவும் எனக்கு அறிக்கை வருவதற்கு முன்பே தெரியும். ஆனாலும் சொல்லாமல் இருந்தேன். சொன்னால் மூலப்பதிவை எல்லாம் கேட்பார்கள், ஆகஸ்ட் 19 பதிவையும் கேட்பார்கள் என்று பயந்தேன். அறிக்கை வந்த அன்று என் தாய் உபெர்லிந்தா ரெமோல்கோய் அதை என்னைப் படிக்கச் சொன்னார். படித்தேன். ஏழாம் பக்கம் முடிந்ததும் அடுப்பில் ஒரு விறகைத் தள்ளிவிட்டுச் சொன்னார்:

"திங்கக்கிழமையில இருந்து வெள்ளிக்கிழமை வரைக்கும் ஒரு சொட்டு வாயில வைக்காத மனுஷனை, செத்த பிறகு குடிகாரன் ஆக்கிட்டாங்க. அதுவும் நீ எடுத்த படத்தைக் காட்டி."

பிறகு என் பக்கம் திரும்பினார்:

"உன் படத்துல ஆப்பிள் இருக்கு, பவுதிலியோ கை இருக்கு, அந்த நாத்தம் பிடிச்ச காலணிகூட இருக்கு. அன்னைக்குக் காலைல நான் ஊத்திக் கொடுத்தேனே கோதுமைக் காப்பி, பிளாஸ்கோட, அது எங்கடி இருக்கு? ரெண்டு பேருக்கும் சேத்துத்தானே ஊத்தினேன். நீ குடிச்சியா இல்லையா?"

குடிக்கவில்லை என்றேன். ஏன் என்று கேட்டார். அன்று இரவே பதிவைத் திறந்து என் தாயின் அருகில் உட்கார்ந்து பார்த்தேன்.

10. அந்தப் பதிவைப் பற்றி ஒரு விளக்கம் தேவைப்படுகிறது. 19.08.2022 காலை 8.12க்குத் துவங்கும் அது பதினொரு நிமிடங்கள் நிறுத்தாமல் ஓடுகிறது. படகு கிளம்புவதை முழுவதுமாக எடுக்க வேண்டும் என்று கேமராவைத் துறையின் தொடக்கத்தில் நிறுத்தியிருந்தேன். வீட்டிலேயே என் தந்தையின் கம்பளிச் சட்டையில் ஒரு காலர் மைக்கை மாட்டியிருந்தேன். அவர் எங்கே நடந்தாலும் குரல் கேமராவுக்கு வந்துவிடும். ஆனால் காதில் ஹெட்போன் மாட்டியிருக்கவில்லை. எனக்கு அன்று படம் மட்டுமே வேண்டியிருந்தது. அவர் இடையில் வந்து நின்றுவிட்டதால், என் படப்பிடிப்புப் பதிவேட்டில் இந்தத் துண்டுக்கு எதிரே "வீண்" என்று எழுதினேன். படம் தொகுக்கும்போது இதன் கடைசி நாற்பது வினாடிகளின் காட்சியை மட்டும் எடுத்துக்கொண்டு, ஒலியை அணைத்துவிட்டு, வேறொரு நாள் அலைச் சத்தத்தைப் போட்டேன். அவர் குரலைக் கேட்க என்னால் முடியவில்லை. ஆகவே இந்த ஒலியை 2023 செப்டம்பர் வரை நான் உட்பட யாரும் கேட்டதில்லை.

11. பதிவில் உள்ளது பின்வருமாறு. நேரங்கள் பதிவின் துவக்கத்திலிருந்து கணக்கிடப்பட்டவை.

0.12: என் தந்தை பிளாஸ்கோடு வந்து கேமராவுக்கு முன்னால் நிற்கிறார். மூடியில் ஊற்றுகிறார். ஆவி வருவது தெரிகிறது. "ஒரு வாய் குடி பாப்பா. அம்மா ரெண்டு பேருக்கும்னு சொன்னா." அவரே குடிக்கிறார். "தோள் வலி இன்னும் விடலை. நேத்து மூணு தடவை இறக்கிட்டாங்க."

0.31: என் குரல்: "அப்பா, பிரேம்ல நிக்கிறீங்க. கொஞ்சம் தள்ளுங்களேன்."

"ஓ. உனக்குப் படகுதானே வேணும். சரி, சரி." அவர் இடப்பக்கம் நகர்கிறார். தோள் இன்னும் காட்சியில் இருக்கிறது. "போதுமா?"

"இன்னும்."

"இப்போ?"

"இன்னும்."

0.46: அவர் காட்சியை விட்டு வெளியே போகிறார். என் தந்தையிடம் நான் கடைசியாகப் பேசிய சொல் அந்த "இன்னும்"தான். இதற்குப் பதிலாகத்தான் படத்தில் ஏப்ரல் மாதச் சிரிப்பை வைத்தேன்.

0.46 முதல் காட்சியில் துறையும் படகும் கடலும் மட்டுமே உள்ளன. ஆனால் ஒலி தொடர்கிறது. மரப்பலகையில் நடக்கும் சத்தம், படகில் ஏறும் சத்தம், பிறகு பேச்சு.

4.05: நிபால்தோ: "என்ன அண்ணே, நடிகர் இன்னைக்குத் தண்ணில இறங்குவாரா? இல்ல டூப் போடணுமா?"

என் தந்தை: "டூப் நீதான். ஆனா உன் தொப்பை முங்காதே, மிதக்குமே." இருவரும் சிரிக்கிறார்கள். பிறகு என் தந்தை: "காப்பி இருக்கு, குடி. பாப்பா வேணாம்னுட்டா." நிபால்தோ குடித்துவிட்டு, "சர்க்கரையே இல்லையே. உபெர்லிந்தா அண்ணிக்கு உங்க மேல கோபமா?" என்கிறார்.

6.20: திரு. ஓயார்சுன்: "எடெல்பெர்த்தோ, முதல்ல நாலாம் கூண்டு."

என் தந்தை: "நாலாம் கூண்டு அடிவலை முப்பத்தி நாலு மீட்டர் சார். எனக்கு இருபதுதான். நேத்துலேர்ந்து தோள் வேற பிடிச்சிருக்கு. இன்னைக்கு மேல்வலை வேலை கொடுங்க."

"மேல்வலைக்கு ஆள் இருக்கு. எப்பவும் போல இருபதுன்னே எழுதிக்கிறேன். உனக்கென்ன?"

"எழுதுற கை வலிக்காது சார்."

"மகளைப் படிக்க வெச்சதுல உனக்கு வாய் நீண்டிருச்சு. இறங்கறியா, இல்ல நாளையிலேர்ந்து வீட்டுல உக்காந்து நடிக்கறியா?"

இதோடு அந்தப் பேச்சு முடிகிறது. என் தந்தை குடித்திருப்பதாகவோ வாசனை வருவதாகவோ திரு. ஓயார்சுன் இந்தப் பேச்சில் எங்கும் சொல்லவில்லை. அன்றைய மூழ்கல் பதிவேட்டின் நகல் அறிக்கையிலேயே உள்ளது. அதில் ஆழம் இருபது மீட்டர் என்று இருக்கிறது.

10.20: உடை மாற்றும் சத்தம். என் தந்தை: "இந்த மைக்கை ஈரம் படாம வை நிபால்தோ. பாப்பாவோடது. அவ கையிலயே குடு." (நிபால்தோ அதை ஒரு பிளாஸ்டிக் பையில் சுற்றி என்னிடம் அன்றே கொடுத்தார். குழாய் மட்டும் மேலே வந்து இரண்டு மணி நேரம் ஆகியிருந்தது.) மைக்கைக் கழற்றும் முன் அவர் அதை வாயருகே கொண்டுபோனது குரலில் தெரிகிறது. படகு அப்போது துறையை விட்டுக் கிளம்பத் தொடங்கியிருக்கிறது. தூரத்தில் அவர் கையைத் தூக்குவது காட்சியில் இருக்கிறது. படம் பார்த்த எல்லோரும் அதை விடைபெறுதல் என்று நினைத்தார்கள். நானும் அப்படித்தான் நினைத்து வைத்தேன். அந்த வினாடியில் ஒலியில் உள்ளது இது:

"பாப்பா, கேக்குதா? படகு நல்லா விழுதா? நான் மறைக்கலையே?"

12. திரு. நிபால்தோ இன்னும் அதே பண்ணையில் வேலை செய்கிறார். விசாரணையில் அவர் "கவனிக்கவில்லை" என்று மட்டும் சொன்னார். அவர் மீது எனக்கோ என் தாய்க்கோ எந்தக் குறையும் இல்லை. நானும் அதே அறையில்தான் வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தேன். அவர் குரல் இந்தப் பதிவில் இருப்பதால், மனுவோடு இணைக்கும் முன் அவரிடம் போய்ப் போட்டுக் காட்டி அனுமதி கேட்டேன். இரண்டு முறை கேட்டார். பிறகு, "சர்க்கரை இல்லாத காப்பிதான் அது. எங்க வேணாலும் வந்து சொல்றேன். திரும்பக் கூப்பிடச் சொல்லு பாப்பா" என்றார். அவர் சாட்சி சொல்வதால் வேலையில் அவருக்கு எந்தத் தீங்கும் நேராமல் பார்த்துக்கொள்ளும்படி வேண்டுகிறேன்.

13. அறிக்கையின் அந்த ஒரு வரியால் என் தந்தையின் இறப்பு பணியிட விபத்து என்ற வகையிலிருந்து நீக்கப்பட்டுள்ளது. என் தாய்க்கு வர வேண்டிய உதவித்தொகை நின்றதும் அதனால்தான். அதைப் பற்றி அவர் தனியாக விண்ணப்பித்துள்ளார். என் தாயை அதைவிட வருத்துவது ஒன்று உண்டு. ஒவ்வோர் ஆண்டும் ஜூன் 29, புனித பேதுரு திருநாளில், எங்கள் விரிகுடாப் படகுகள் எல்லாம் ஊர்வலமாகப் போய் நடுக்கடலில் இயந்திரங்களை நிறுத்தும். அப்போது வேலையில் இறந்த மூழ்காளர்களின் பெயர்களை அவர்களுடைய சங்கச் செயலாளர் வாசிப்பார். இந்த ஆண்டு விசாரணை முடியட்டும் என்று என் தந்தையின் பெயரை விட்டுவிட்டார்கள். அறிக்கை வந்த பிறகு, இனி எப்போதுமே வாசிக்க இயலாது, குடித்து இறந்தவர் பட்டியலில் சேர மாட்டார் என்று செயலாளர் வருத்தத்தோடு எங்களிடம் சொன்னார். என் தாய் வாசல் வரை போய் அவரை வழியனுப்பினார். அதற்குப் பிறகு என் தாய் படகுத்துறைப் பக்கம் போகவில்லை.

14. ஆகவே தங்களைப் பணிந்து கேட்டுக்கொள்வது:

(அ) அறிக்கையின் பக்கம் 7, பத்தி 3இல் என் தந்தை மதுவின் பாதிப்பில் இருந்தார் என்று உள்ள வரியை நீக்க உத்தரவிட வேண்டும்.

(ஆ) என் படமான 'குழாயின் மறுமுனை'யை அன்றைய காலைக்கான சான்றாக இனி யாரும் பயன்படுத்தக் கூடாது என்று பதிவு செய்ய வேண்டும். அது பல நாட்களைச் சேர்த்துத் தொகுத்தது என்று படத்தின் துவக்கத்திலேயே இப்போது எழுதிச் சேர்த்துவிட்டேன். ஆகஸ்ட் 19 இன் சான்று அந்தப் பதினொரு நிமிடப் பதிவு மட்டுமே.

(இ) நாலாம் கூண்டின் ஆழத்தையும், பதிவேட்டில் இருபது என எழுதப்பட்ட மற்ற நாட்களையும் விசாரிக்க வேண்டும். என் தந்தைக்கு இனி அதனால் பயன் இல்லை. நாளை காலையும் அங்கே இறங்குபவர்கள் இருக்கிறார்கள்.

(ஈ) பதிவைக் குழுவின் முன் ஓட்டும்போது, நான் பேசும் இடம் கேட்கச் சங்கடமாக இருக்கிறது என்று அதைத் தாண்டிச் செல்ல வேண்டாம். 0.46க்குப் பிறகு காட்சியில் ஆள் யாரும் இல்லையே என்று நிறுத்திவிடவும் வேண்டாம். நான் பதின்மூன்று மாதம் அப்படித்தான் நிறுத்தி வைத்திருந்தேன். அவர் அந்தக் காட்சிக்கு வெளியே நின்று பேசிக்கொண்டிருக்கிறார். தயவுசெய்து கடைசி வினாடி வரை கேட்க வேண்டும்.

15. குழு என்னை நேரில் அழைத்தால் வருவேன். பதினான்கு பேர் முன்னிலையில் ஆனாலும் எழுந்து நின்று சொல்வேன். என் தாயும் உடன் வருவார். என் தந்தை கடைசியாகக் கேட்டதற்கு நான் இன்னும் பதில் சொல்லவில்லை. அவர் எதையும் மறைக்கவில்லை என்று தங்கள் உத்தரவில் ஒரு வரி எழுதப்படுமானால், அதை அடுத்த ஜூன் 29 அன்று படகில் வைத்து அவருக்கு வாசித்துக் காட்டுவேன்.

இணைப்புகள்: 19.08.2022 மூலப்பதிவு, வெட்டப்படாதது (ஒலியுடன்), 09.04.2022 சமையலறை மூலப்பதிவு. பவுதிலியோ லெப்பியோவின் இறப்புச் சான்றிதழ். என் தந்தையின் மூழ்காளர் உரிம நகல். என் படப்பிடிப்புப் பதிவேட்டின் பக்கம், "வீண்" என்று நான் எழுதியதை அழிக்காமல்.

தங்கள் கனிவான கவனத்தை எதிர்நோக்கி,

(ஒப்பம்)
யஸ்னா வென்தேயோ ரெமோல்கோய்

இடம்: கில்மாவே
நாள்: 06.10.2023